யாப்பு என்னும் சான்று: நடுக்கால ஆங்கிலக் கவிதைப் பதிப்பும் பழனித் திருப்புகழும்

ஆய்வுச் சுருக்கம்

சுவடிகளில் சிதைந்து வந்துள்ள செய்யுளைத் திருத்துவதற்கு யாப்பை எவ்வளவு தூரம் சான்றாகக் கொள்ளலாம் என்னும் வினா, நடுக்கால ஆங்கிலக் கவிதை ஆய்வில் இரு நூற்றாண்டுகளுக்கும் மேலாக விவாதிக்கப்பட்டு வருகிறது. சாசரின் ஈற்று எகரம், லாங்லண்டின் மோனை ஆகியன பற்றிய ஆய்வுகள் அவ்விவாதத்தின் முதன்மைக் களங்கள். அவ்விவாதம் தந்த முடிவுகளைப் பழனித் திருப்புகழின் சந்த அமைப்போடு ஒப்பிட்டு, சந்தம் பதிப்பாசிரியனுக்கு எவற்றை உறுதி செய்யும், எவற்றை உறுதி செய்யாது என்பதை இக்கட்டுரை வரையறுக்கிறது. சொற்பிரிப்புப் பதிப்புகளும் மின்னுரைகளும் பெருகிவரும் சூழலில் சந்தச் சான்று மறையாதிருக்க வேண்டிய வழிகளையும் முன்வைக்கிறது.

திறவுச்சொற்கள்: மூலபாட ஆய்வு, திருப்புகழ், பழனி, சந்தம், மோனை, குற்றியலுகரம், சாசர், லாங்லண்ட்.

முன்னுரை

திண்டுக்கல் சமவெளியின் மேற்குப் பகுதியில் அமைந்த பழனி, முருகன் தலங்களுள் திருஆவினன்குடி என்னும் பெயரால் மூன்றாம் படைவீடாகப் போற்றப்படுவது. அருணகிரிநாதர் பாடிய திருப்புகழில் இன்று கிடைக்கும் பாடல்கள் ஏறத்தாழ 1,300. அவற்றுள் தொண்ணூற்றுக்கும் மேற்பட்டவை பழனிக்கு உரியன. அருணகிரியாரின் பாடல் ஒன்றில் பிரபுடதேவ மன்னர் சுட்டப்படுவதைக் கொண்டு, அவர் விசயநகர வேந்தர் இரண்டாம் தேவராயரின் (1422–1446) காலத்தை ஒட்டி 15-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்தவர் என அறிஞர் கொள்வர்.

இதற்குச் சற்று முற்பட்ட காலத்தில் இங்கிலாந்தில் சாசர், லாங்லண்ட், 'சர் கவைனும் பச்சை வீரனும்' எழுதிய பெயர் அறியப்படாத புலவர் ஆகியோர் கவிதை செய்தனர். இவ்விரு இலக்கியங்களுக்கும் இடையே தொடர்போ தாக்கமோ இல்லை. ஆயினும் இரண்டும் அச்சுக்கு முற்பட்ட காலத்தவை. கையால் படியெடுக்கப்பட்டும் வாயால் சொல்லப்பட்டும் வந்தவை. 19-ஆம் நூற்றாண்டில் புதிய பதிப்பு முயற்சிகளால் மீண்டும் பரவியவை. இறுகிய ஒலிக்கட்டு உடையவை. ஆகவே ஒன்றின் பதிப்பு வரலாறு மற்றொன்றின் பதிப்புச் சிக்கலைத் தெளிவாகக் காண உதவும். இக்கட்டுரையின் ஒப்பீடு இவ்வெல்லைக்குள் அமைகிறது; இலக்கியச் சுவை ஒப்பீடு இதன் நோக்கமன்று.

சுவடிகளும் பதிப்புகளும்

நடுக்கால ஆங்கில நூல்களின் சுவடி நிலை ஒரே தன்மையதன்று. சாசரின் 'காண்டர்பரிக் கதைகள்' முழுமையாகவோ பகுதியாகவோ எண்பதுக்கும் மேற்பட்ட சுவடிகளில் உள்ளது. லாங்லண்டின் 'உழவன் பியர்ஸ்' ஐம்பதுக்கும் மேற்பட்ட சுவடிகளில் கிடைக்கிறது. கவைன் கதையோ ஒரே ஒரு சுவடியில்தான் உள்ளது. காட்டன் தொகுப்பைச் சார்ந்த அச்சுவடி, 1731-இல் ஆஷ்பர்ன்ஹாம் இல்லத்தில் நேர்ந்த தீவிபத்தில் அழியாமல் தப்பியது. அது எரிந்திருப்பின் 2,530 அடிகள் கொண்ட அந்நூலின் இருப்பையே இன்று எவரும் அறிந்திருக்க இயலாது. பிரடெரிக் மாடன் 1839-இல் அதனை முதன்முதலாக அச்சிட்டார். பர்னிவால் 1864-இல் பழைய ஆங்கில நூற்கழகத்தை நிறுவியபின் பதிப்புப் பணி இயக்கமாக வளர்ந்தது. ஸ்கீட் அக்கழகத்தின் வழியே 'உழவன் பியர்ஸ்' நூலுக்கு மூன்று வடிவங்கள் உண்டெனக் காட்டி, 1867 முதல் அவற்றைத் தனித்தனியே வெளியிட்டார்.

திருப்புகழின் மீட்பும் இதே நூற்றாண்டின் இறுதிப் பகுதியில் நிகழ்ந்தது. நீதித்துறையில் பணியாற்றிய வ.த. சுப்பிரமணிய பிள்ளை பல ஊர்களில் ஏடு தேடித் தொகுத்துத் திருப்புகழை அச்சேற்றினார். அவர் மகனார் தணிகைமணி வ.சு. செங்கல்வராய பிள்ளை அப்பணியைத் தொடர்ந்து, உரையும் 'அருணகிரிநாதர் வரலாறும் நூலாராய்ச்சியும்' என்னும் ஆய்வும் தந்தார். தந்தையும் மகனும் செய்த இப்பணி இல்லையேல் இன்றைய திருப்புகழ் ஆய்வுக்கு அடித்தளமே இல்லை.

இங்கு ஒரு வேறுபாடு கருதத்தக்கது. ஆங்கில நூல்கள் பெரும்பாலும் எழுத்து வழியாகவே வந்தன. பிற்காலத்தவர் அவற்றை வாய்மரபில் பாடிக் காக்கவில்லை. திருப்புகழ் ஏட்டிலும் நாவிலும் ஒருங்கே வாழ்ந்தது. வள்ளிமலைச் சுவாமிகள் (1870–1950) பழனியில் திருப்புகழைச் செவியால் கேட்டே அதற்கு ஆட்பட்டார் என்று அவர் வரலாற்றை எழுதியோர் கூறுவர். காவடி எடுத்துப் பழனிக்கு நடக்கும் அடியார் கூட்டங்களிலும் பசனை மடங்களிலும் அது இன்றும் பாடப்படுகிறது. வாய்மரபு சந்தத்தைக் காக்கும். அது சொல்லையும் காக்குமா என்பது வேறு வினா. அதனைப் பின்னர்க் காணலாம்.

செவியின் குறையா, செய்யுளின் குறையா?

யாப்புச் சான்றின் ஆற்றலை ஆங்கில அறிஞர்க்கு உணர்த்திய முதற்களம் சாசரின் ஈற்று எகரம். சாசர் காலத்து ஆங்கிலத்தில் பல சொற்களின் ஈற்றில் மெலிந்த எகரம் ஒன்று ஒலித்தது. அது இலக்கண உருபாகவும் செய்யுளில் ஓர் அசையாகவும் பயன்பட்டது. 15-ஆம் நூற்றாண்டில் அவ்வொலி பேச்சிலிருந்து மறைந்தது. அதன்பின் படியெடுத்தோர்க்கு அவ்வெகரம் வெறும் எழுத்து. ஒலி வேண்டாத இடத்தில் அதனைச் சேர்த்தனர்; வேண்டிய இடத்தில் விட்டனர்.

இதன் விளைவாக, பிற்காலத்தார் செவிக்குச் சாசரின் அடிகள் அசை குறைந்து நொண்டின. 1700-இல் டிரைடன், சாசரின் அடிகள் பல அசை குறைந்தவை என்றும், ஆங்கிலக் கவிதையின் குழந்தைப் பருவத்தில் அது இயல்பே என்றும் எழுதினார். குறை படிப்போர் செவியில்தான் உள்ளது என்று பழைய பதிப்பாசிரியர் ஒருவர் கூறியதை அவர் ஏற்கவில்லை. 1775-இல் டிர்விட் வெளியிட்ட பதிப்பு, ஈற்று எகரத்தை அசையாகக் கொண்டால் அடிகள் நிரம்பும் எனக் காட்டியது. 1860-களில் அமெரிக்க அறிஞர் சைல்டு அதனை இலக்கண அடிப்படையில் வகைப்படுத்தி உறுதி செய்தார். டிரைடன் ஏற்க மறுத்த கருத்தே சரியெனத் தெரிந்தது.

இவ்வெகரத்தின் மற்றோர் இயல்பு தமிழாய்வாளர்க்குச் சிறப்பாகக் கருதத்தக்கது. அடுத்த சொல் உயிரில் தொடங்கினால் அது பெரும்பாலும் ஒலிக்காது கெட்டுவிடும். தமிழில் நிலைமொழி ஈற்றுக் குற்றியலுகரம் வருமொழி உயிரின் முன் கெட, நின்ற மெய்மேல் உயிர் ஏறி முடியும் என்பது நன்னூல் கூறும் விதி. இரு மொழிகளிலும் சொல்லின் ஈற்றில் நிற்கும் குறைந்த உயிர் ஒன்றே அடுத்த சொல்லின் முதலெழுத்தை நோக்கி அசையாகவும் அசையற்றும் நிற்கிறது.

தமிழில் இதனை அறிந்து விதித்த யாப்பிலக்கணம் இடையறாது வந்தது. சீரும் தளையும் சிதையுமிடத்துக் குற்றியலுகர, குற்றியலிகரங்களையும் அளபெடையையும் அலகு பெறாதவையாகக் கொள்ளும் நெறியை யாப்பருங்கலக்காரிகை வகுத்துள்ளது. சாசர் காலத்து ஆங்கிலத்துக்கு அத்தகைய நூல் இல்லை. ஆங்கில யாப்பைப் பற்றிய தனிக் குறிப்பைக் காஸ்காயின் 1575-இல்தான் எழுதினார். அதற்குள் ஈற்று எகரம் நாவிலிருந்து மறைந்துவிட்டது. கவிதை மரபு தொடர்ந்தும், அதன் ஒலியை விளக்கும் இலக்கணம் இல்லாமையால், முந்நூறு ஆண்டுகள் ஒரு பெரும் புலவர் செய்யுள் அறியாதவராகக் கருதப்பட்டார்.

மோனை என்னும் கட்டளை

இரண்டாம் களம் மோனைக் கவிதை. லாங்லண்டும் கவைன் புலவரும் அசை எண்ணாமல், ஒலியழுத்தமும் மோனையும் கொண்டு அடியமைத்தனர். அடி இருபாதியாகப் பகுபடும். ஒவ்வொரு பாதியிலும் பொதுவாக இரண்டு அழுத்தங்கள் உண்டு. நான்கு அழுத்தங்களுள் முதல் மூன்றும் ஒரே முதலொலியைப் பெறும். நான்காவது அதனைப் பெறாது விலகும். காரிகையின் சொல்லில் கூறின், இது சீர்நிலையில் அமையும் கூழை மோனை. இணை, பொழிப்பு, ஒரூஉ, கூழை, மேற்கதுவாய், கீழ்க்கதுவாய், முற்று என்னும் எழுவகையுள் தமிழ்ப் புலவன் வேண்டியதைக் கொள்ளலாம், கொள்ளாதும் விடலாம். ஆங்கில மோனைக் கவிஞனுக்குக் கூழை ஒன்றே கட்டளை அளவில் அமைந்தது. ஆகவே தமிழடியில் மோனை இல்லாமை எதனையும் காட்டாது. ஆங்கில அடியில் மோனை முறிந்தால் அங்கே படியெடுத்தோர் பிழை இருக்கலாம் என ஐயுற இடமுண்டு.

இவ்வையத்தை முறையாக வளர்த்தவர்கள் கேனும் டொனால்ட்சனும். 'உழவன் பியர்ஸ்' நூலின் இரண்டாம் வடிவத்தை 1975-இல் பதிப்பித்தபோது, கிடைக்கும் சுவடிகள் அனைத்துக்கும் மூலமான படியிலேயே பிழைகள் மிகுந்திருந்தன என்று அவர்கள் முடிவு செய்தனர். எல்லாச் சுவடிகளும் ஒருமிக்கத் தரும் பாடமாயினும், மோனை சிதைந்திருந்தால் அதனைத் திருத்தினர். எதிர்ப்பும் எழுந்தது. புலவர் எப்போதும் இந்த மோனையே வைத்தார் என்பதற்குச் சான்று நூல். அந்நூலைத் திருத்துவதற்குச் சான்று மோனை. விதியிலிருந்து பாடமும் பாடத்திலிருந்து விதியும் பெறப்படும் இச்சுழல் வாதம் தருக்க நூலார் கூறும் 'ஒன்றையொன்று பற்றுதல்' என்னும் குற்றமாகும் என்பது எதிர்ப்பின் சாரம். 1978-இல் அதே வடிவத்தைப் பதிப்பித்த ஷ்மிட், அவர்களுடைய திருத்தங்கள் பலவற்றை ஏற்கவில்லை.

1986-இல் டக்கன் வேறு வழியைக் கையாண்டார். ஒரு நூலுக்குள் சுழலாமல், மோனைக் கவிதைகள் பலவற்றின் அடிகளை ஒப்பிட்டு, விதிக்கு எவ்வளவு இடங்களில் பொருத்தம் உண்டெனக் கணக்கிட்டார். அடியின் பின்பாதியில் அழுத்தமற்ற அசைகள் எங்குத் திரளலாம் என்பதிலும் ஒழுங்கு உண்டென அவருடைய ஆய்வுகள் காட்டின. திருத்தவேண்டிய அடிக்கு வெளியே நின்று விதி பெறப்பட்டதால், சுழல் வாதக் குற்றம் பெரிதும் குறைந்தது. விதி எங்கிருந்து பெறப்பட்டது என்பதே அதன் சான்று மதிப்பைத் தீர்மானிக்கும் என்பது இவ்விவாதம் தந்த முதற்பாடம்.

சந்தத்தின் சான்று வலிமை

இந்த அளவுகோலால் திருப்புகழை நோக்கின், அதன் சந்தம் ஆங்கில மோனையினும் வலிய சான்று என்பது புலனாகும். திருப்புகழ்ப் பாடலில் ஓரடியின் சந்தம் எஞ்சிய அடிகளிலும் மாறாது வரும். அடியீற்றில் தொங்கல் வந்து எல்லை காட்டும். கவைன் கதையிலும் ஒவ்வொரு பகுதியின் இறுதியில், பெரும்பாலும் ஈரசையான குறுந்துணுக்கும் நான்கு குற்றடிகளும் வந்து முடிப்புக் காட்டுகின்றன. ஆயினும் அங்கே நெடிய அடிகளின் தொகை பகுதிக்குப் பகுதி மாறும். திருப்புகழில் அடியளவு மாறாது. எனவே ஒரு பாடலின் ஓரடி சிதைந்தால், அதே பாடலின் மற்ற அடிகளே சாட்சி நிற்கின்றன. விதியை வேறு நூலில் தேட வேண்டியதில்லை. சிதைந்த அடியை விலக்கிவிட்டு எஞ்சிய அடிகளிலிருந்தே அதனைப் பெறலாம்.

சந்தம் காட்டும் செய்தியும் நுட்பமானது. தொல்காப்பியச் செய்யுளியல் இருபது வண்ணங்களைக் கூறுகிறது. 19-ஆம் நூற்றாண்டில் வண்ணச்சரபம் தண்டபாணி சுவாமிகள் 'வண்ணத்தியல்பு' என்னும் நூலில் சந்த இலக்கணத்தை விரித்துரைத்தார். குறில், நெடில் வேறுபாட்டோடு ஒற்றின் வல்லின, மெல்லின, இடையின வேறுபாட்டையும் சந்தம் காக்கும். 'கட்டு' என்பது தத்த. 'கண்டு' என்பது தந்த. அசை எண்ணும் யாப்பில் இரண்டும் நேர்நேரே ஆதலின் வேறுபடா. சந்தத்தில் அவை ஒன்றன் இடத்தில் மற்றொன்று நில்லா.

ஏட்டெழுத்தின் இயல்பை நினைத்தால் இதன் பயன் விளங்கும். ஏடுகளில் பெரும்பாலும் புள்ளி இல்லை. எகர ஏகாரங்களும் ஒகர ஓகாரங்களும் வடிவில் வேறுபடா. சொல்லுக்கும் சொல்லுக்கும் இடைவெளி இல்லை. 'எரி' என்பதும் 'ஏரி' என்பதும் ஏட்டில் ஒரே தோற்றம் உடையன. 'கொடு', 'கோடு' என்பனவும் அவ்வாறே. பொருள் இரண்டுக்கும் இடந்தரும் இடத்தில் பதிப்பாசிரியன் எதனைக் கொள்வான்? அவ்விடத்துச் சந்தம் 'தன' எனின் எரியும் கொடுவும் பொருந்தும். 'தான' எனின் ஏரியும் கோடும் பொருந்தும். ஆங்கிலச் சுவடிகளிலும் சில எழுத்துகள் ஒரேவகைக் குறுங்கோடுகளால் ஆனமையால் ஒன்று மற்றொன்றாக மயங்கும். அங்கே மோனை சொல்லின் முதலொலியை மட்டுமே காக்கும். சொல்லின் நடுவில் நேர்ந்த மயக்கத்தை அது தீர்க்காது. திருப்புகழில் சந்தம் எழுத்துதோறும் காவல் நிற்கிறது.

சந்தச் சான்றின் எல்லை

இவ்வளவு வலிய சான்றுக்கும் எல்லை உண்டு. சந்தம் சொல்லின் உருவை உறுதி செய்யும். சொல்லை உறுதி செய்யாது. 'கண்டு', 'கொண்டு' இரண்டும் தந்த என்னும் வாய்பாட்டுக்கு உரியன. ஒரு படியில் ஒன்றும் மற்றொரு படியில் மற்றொன்றும் இருந்தால், சந்தம் இரண்டுக்கும் உடன்படும். அங்கே பொருள், தொடரமைப்பு, ஆசிரியரின் சொல்வழக்கு, ஏடுகளின் உறவு ஆகியனவே முடிவு சொல்ல வேண்டும்.

வாய்மரபு இச்சிக்கலை மேலும் கூர்மையாக்குகிறது. சந்தம் செவியில் ஊறிய பாடகர் ஒரு சொல்லை மறந்தால், தாளம் முறியாதபடி அதே சந்தமுடைய வேறு சொல்லை இயல்பாக வைத்துப் பாடிவிடுவார். அதனைக் கேட்டு எழுதுபவர் ஏட்டில் குறை தோன்றாது. சந்தம் அறியாத எழுத்தாளர் செய்த பிழை சந்தமுறிவாகத் தன்னைக் காட்டிக்கொடுக்கும். சந்தம் அறிந்த பாடகர் செய்த மாற்றம் மறைந்தே நிற்கும். ஆங்கில மோனைக் கவிதைகளைப் படியெடுத்தோருள்ளும் மரபு அறிந்தவர்கள் மோனை கெடாமல் அடியை மாற்றி எழுதியதுண்டு. ஆகவே யாப்பு நிரம்பிய பாடம் ஆசிரியர் பாடமாகத்தான் இருக்கவேண்டும் என்னும் துணிபு இரு மரபுகளிலும் பொருந்தாது. யாப்பு பிழையைக் காட்டும். யாப்பமைதி மட்டும் மூலத்தை நிறுவாது.

பழனிப் பாடல்கள் சிலவற்றில் கலிசைச் சேவகனார் என்னும் தலைவர் பெயர் வருகிறது. இத்தகைய இடப்பெயர், ஆட்பெயர்கள் வரலாற்று ஆய்வுக்கு ஆதாரமாகின்றன. பெயரின் ஓரெழுத்து மாறினும் அடையாளம் மாறும். சந்தத்துக்கு ஒத்த பெயர் என்பதால் ஒரு பாடத்தை ஏற்றால், இல்லாத ஊரும் இல்லாத மனிதரும் வரலாற்றில் புகக்கூடும். இத்தகைய இடங்களில் ஏட்டுச் சான்றே முதன்மை பெற வேண்டும். சந்தம் துணைச் சான்றாக நிற்க வேண்டும்.

சொற்பிரிப்பும் சந்த இழப்பும்

இன்றைய பதிப்புச் சூழலில் வேறோர் இடர் எழுந்துள்ளது. பொருள் விளங்கும்பொருட்டுச் சந்தி பிரித்து அச்சிடும் வழக்கம் மாணவர்க்கு உதவுவது. அதனைக் குறைகூற இயலாது. ஆனால் சந்தி பிரித்த வடிவம் மட்டுமே மின்னுரையாகப் பரவும்போது யாப்புச் சான்று அழிகிறது. 'நாடடைந்து' என்பது நேர் நிரை நேர் எனக் கூவிளங்காய்ச் சீராய், 'தானதந்த' என்னும் சந்தத்தில் ஒலிக்கும். 'நாடு அடைந்து' எனப் பிரித்தால் குற்றியலுகரம் மீண்டும் தலைகாட்டி, தேமாவும் புளிமாவுமாக இரு சீர் தோன்றும், நான்கெழுத்து ஐந்தெழுத்தாகும். நன்னூல் அறிந்தவர் இதனை மனத்தால் சேர்த்துப் படிப்பார். அறியாதவர் சந்தம் சிதைந்ததெனக் கருதுவார். கணினியோ பிரித்த வடிவத்தையே எண்ணிக் கணக்கிடும்.

சாசருக்கு நேர்ந்தது இதுவே. ஒலித்த எழுத்தும் ஒலியாத எழுத்தும் ஒன்றாகத் தோன்றியதால் செய்யுள் நொண்டியது. ஆங்கிலத்தில் ஒலி மறைந்தமையால் அது நிகழ்ந்தது; தமிழில் குற்றியலுகரம் இன்றும் ஒலிக்கிறது. காரணம் அச்சு முறை சார்ந்ததாதலின் அதனை நீக்குவதும் எளிது.

இதன்பொருட்டுப் பழனித் திருப்புகழுக்கு மூன்று வடிவங்களை இணையாகத் தரும் பதிப்பு வேண்டும். முதலாவது, ஏட்டில் உள்ளவாறே எழுத்துப்படி. இரண்டாவது, புள்ளியும் குறில் நெடில் வேறுபாடும் சேர்த்து, சந்தம் கெடாத சீர்வடிவம். மூன்றாவது, பொருள் விளங்கும் சொற்பிரிப்பு வடிவம். முதல் வடிவத்திலிருந்து இரண்டாவதற்குச் செல்லும்போது சந்தத்தை மட்டும் சான்றாகக் கொண்டு செய்த முடிவுகளைத் தனிக் குறியால் காட்ட வேண்டும். வாய்மரபுப் பாடங்களை ஏட்டுப் பாடங்களோடு கலவாமல் தனித் தொகுதியாகத் தருதலும் வேண்டும். கேனும் டொனால்ட்சனும் எதிர்ப்புக்கு உள்ளாகியும், தாம் எதனை எதற்காகத் திருத்தினர் என்பதை விரிவாக எழுதி வைத்தமையால்தான் பின்வந்தோர் அவர்களை மறுக்கவும் முடிந்தது. மறுப்புக்கு இடந்தரும் பதிப்பே ஆய்வுப் பதிப்பாகும்.

இப்பணிக்குரிய களமும் ஆற்றலும் திண்டுக்கல் வட்டாரத்திலேயே உள்ளன. பழனியில் பழனியாண்டவர் பெயரால் அமைந்த கலை பண்பாட்டுக் கல்லூரியும், 1956-இல் தோன்றிய காந்திகிராமக் கிராமிய நிறுவனமும், நகரக் கல்லூரிகளும் இவ்வட்டாரத்தில் இயங்குகின்றன. ஆங்கில இலக்கியம் பயில்வோர் சாசரைப் படிக்கும்போது பெறும் மூலபாட ஆய்வுப் பயிற்சியும், தமிழ் இலக்கியம் பயில்வோர் காரிகை வழியே பெறும் யாப்புப் பயிற்சியும் ஒருங்கிணைந்தால், தொண்ணூற்றுச் சொச்சம் பாடல்கள் கைக்கடங்கிய ஆய்வுப்பொருளாகும். ஒட்டன்சத்திரம் வழியே பழனிக்குச் செல்லும் சாலையில் பாதயாத்திரைக் குழுவினர் பாடும் பாடங்களைப் பதிவு செய்வதும் அதன் பகுதியாக அமையலாம்.

முடிவுரை

நடுக்கால ஆங்கிலக் கவிதை ஆய்வு தமிழ்ப் பதிப்பியலுக்குத் தரும் முடிவுகள் நான்கு. செய்யுள் சிதைந்ததாகத் தோன்றுமிடத்துப் புலவரைக் குறைகூறுமுன் ஒலிமரபையும் எழுத்து முறையையும் ஆராய வேண்டும். திருத்தத்துக்குரிய விதி திருத்தப்படும் அடிக்கு வெளியிலிருந்து பெறப்பட வேண்டும். திருப்புகழில் மீண்டுவரும் சந்தம் இதற்கு வாய்ப்பளிக்கிறது. சந்தம் எழுத்து மயக்கத்தைத் தீர்க்க வல்லது. ஒத்த சந்தமுடைய பாடங்களுள் ஒன்றைத் தேர அது போதாது. சொற்பிரிப்பு வடிவம் சீர்வடிவத்துக்குத் துணையாக வரவேண்டுமே அன்றி அதன் இடத்தைக் கொள்ளலாகாது.

ஏடுகள் ஆண்டுதோறும் நைகின்றன. செவிவழியே திருப்புகழ் கற்ற முதிய பாடகர்களின் தொகையும் குறைந்து வருகிறது. ஏடும் நாவும் ஒன்றையொன்று சரிபார்க்கும் நிலையில் உள்ள காலத்திலேயே பழனிப் பாடல்களுக்கு இத்தகைய பதிப்பு அமைதல் வேண்டும்.